வட்டிக்கும் சாதி உண்டு: வீட்டு அடமானம் பற்றிச் சில வரலாற்றுக் குறிப்புகள்

1

வீட்டுக்குக் கடன் வாங்கியவரிடம் எவ்வளவு கடன் என்று கேட்டால் அசலைச் சொல்வார். எவ்வளவு கட்டுகிறீர்கள் என்று கேட்டால் மாதத் தவணையைச் சொல்வார். கட்டி முடிக்கும்போது மொத்தம் எவ்வளவு கொடுத்திருப்பீர்கள் என்று கேட்டால் பெரும்பாலும் பதில் வராது. படித்தவர்கள், ஆபீஸ் உத்தியோகத்தில் இருப்பவர்கள்கூட இப்படித்தான். கடன் கொடுக்கிறவர்கள் தவணையைக் கொட்டை எழுத்திலும் மொத்தத்தைப் பொடி எழுத்திலும் போடுவதற்குக் காரணம் இல்லாமல் இல்லை.

ஒரு வீட்டுக் கடனின் உண்மையான விலை என்ன என்று தெரிய வேண்டுமானால் நாலு கேள்வி கேட்க வேண்டும். மொத்தம் எவ்வளவு கட்டுகிறோம்? எத்தனை வருஷம் கட்டுகிறோம்? கட்ட முடியாமல் போனால் எதை இழக்கிறோம்? இந்த மூன்றையும் பொருளாதாரம் எழுதுகிறவர்கள் கேட்டுவிடுகிறார்கள். நாலாவது கேள்வியை அவர்கள் கேட்பதில்லை. யாருக்கு என்ன வட்டி? யாருக்குக் கடனே கிடையாது? சேரியிலிருந்து பார்க்கிறவனுக்கு இந்த நாலாவது கேள்விதான் முதல் கேள்வி.

நான் மதுராந்தகம் பக்கத்துச் சேரியில் பிறந்தவன். 1984-ல் ஒரு தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் எழுத்தராகச் சேர்ந்தேன். பல வருஷம் கடன் பிரிவில் இருந்தேன். கவுண்டருக்கு உள்ளே உட்கார்ந்து வீட்டுக் கடன் மனுக்களைச் சரிபார்த்ததும் நான்தான். கவுண்டருக்கு வெளியே காத்துக்கொண்டு நின்ற சொந்தக்காரர்களும் என் ஆட்கள்தான். இரண்டு பக்கத்தையும் பார்த்தவன் என்ற முறையில், இந்தக் கணக்கின் பின்னால் இருக்கும் வரலாற்றைக் கொஞ்சம் எழுதிப் பார்க்கிறேன்.

2

வட்டிக்கும் சாதிக்கும் உள்ள உறவு இன்று நேற்று வந்ததில்லை. மனுஸ்மிருதியின் எட்டாம் அத்தியாயம் கடன் கொடுத்தல் வாங்கலைப் பற்றிப் பேசுகிறது. அங்கே வட்டி விகிதம் வருணப்படி வகுக்கப்பட்டிருக்கிறது. மாதத்துக்கு நூற்றுக்குப் பிராமணனிடம் 2, சத்திரியனிடம் 3, வைசியனிடம் 4, சூத்திரனிடம் 5. மேலே இருப்பவனுக்குக் குறைந்த வட்டி. கீழே போகப் போக ஏறுகிறது. இந்த விகிதம் நடைமுறையில் எங்கே எந்த அளவுக்கு இருந்தது என்பது வேறு விவகாரம். சட்டம் என்று எழுதி வைத்தவர்களின் மனசு எப்படி ஓடியது என்பதற்கு இது போதும். ஒரே பணத்துக்கு ஆளுக்கு ஒரு விலை.

இதில் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். நாலு வருணத்துக்கும் விகிதம் போட்டவர்கள் வருணத்துக்கு வெளியே நிறுத்தப்பட்டவனுக்கு விகிதமே போடவில்லை. கடன் வாங்குகிற ஆளாகவே அவன் கணக்கில் வரவில்லை. கூடுதல் வட்டி ஒரு கொடுமை. பட்டியலிலேயே இல்லாமல் போவது அதைவிடப் பெரிய கொடுமை. இந்த இரண்டும்தான் பிற்பாடு வேறு வேறு வேஷம் கட்டிக்கொண்டு வருகின்றன.

பட்டியலில் இல்லாதவன் என்ன செய்தான்? கடன் வாங்காமல் இருந்தானா? சாவுக்கும் கல்யாணத்துக்கும் பஞ்சத்துக்கும் வாங்காமல் இருக்க முடியுமா? வாங்கினான். அடகு வைக்க நிலமில்லை, வீடில்லை. குந்தியிருந்த மண்கூட அவனுடையதில்லை. மிச்சமிருந்தது உடம்பு. அதை அடகு வைத்தான். தமிழகத்தில் கிடைத்திருக்கும் அடிமை ஓலைகள், ஆளடிமைச் சீட்டுகளை வாசிக்கிறவர்களுக்கு இது புதிதில்லை. 1843-ம் வருஷத்து 5-ம் சட்டம் அடிமை உரிமையை நீதிமன்றம் அங்கீகரிக்காது என்றது. 1860-ல் இயற்றி 1862-ல் நடைமுறைக்கு வந்த தண்டனைச் சட்டம் ஆளை வாங்குவதையும் விற்பதையும் குற்றமாக்கியது. அடிமை என்ற பெயர் போனது. கடன் என்ற கயிறு அந்த இடத்துக்கு வந்தது. படியாளாகச் சேரும்போது வாங்கிய முன்பணம் அவனைக் கட்டிப் போட்டது. அவன் செத்தால் மகனைக் கட்டிப் போட்டது. இந்தக் கயிற்றைச் சட்டப்படி அறுக்க 1976-ம் வருஷத்துக் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம்வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

இருபது வருஷம், முப்பது வருஷம் நீளும் கடனைப் பற்றி இன்று புதிதாகப் பேசுகிறார்கள். எங்கள் பாட்டன் பூட்டனுக்கு நீண்ட காலக் கடன் என்றால் என்னவென்று யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆயுள் முழுக்கத் தவணை கட்டி, அசல் குறையாமல், பிள்ளைக்கு விட்டுப் போனவர்கள் அவர்கள்.

3

இனி வீட்டுக்கு வருவோம். அடமானம் வைக்க வேண்டுமானால் முதலில் வீடு தன்னுடையதாக இருக்க வேண்டும். சேரியில் வீடு யாருடையது?

1891-ல் செங்கல்பட்டு கலெக்டர் பொறுப்பில் இருந்த டிரமென்ஹீர் அந்த ஜில்லாப் பறையர்களைப் பற்றி அரசுக்கு ஓர் அறிக்கை கொடுத்தார். அந்த அறிக்கையின் தொடர்ச்சியாக 1892 செப்டம்பர் 30-ல் வந்த 1010, 1010ஏ எண் அரசாணைகள்தாம் பஞ்சமி நிலத்துக்கு ஆதாரம். நிலத்தைப் பற்றி நாம் நிறையப் பேசியிருக்கிறோம். அந்த அறிக்கை குடியிருப்பு மனையைப் பற்றியும் பேசுகிறது என்பதை அவ்வளவாகப் பேசவில்லை. சேரி அமைந்திருந்த மனையையும் மிராசுதார்கள் தங்களுடையது என்று பாத்தியம் கொண்டாடினார்கள். எதிர்த்துப் பேசினால், வேறு ஆண்டையிடம் வேலைக்குப் போனால், தரிசு நிலத்துக்கு மனுப் போட்டால், குடிசையைக் காலி பண்ணு என்று சொல்ல அவர்களால் முடிந்தது. ராத்திரி தூங்குகிற இடமே ஆண்டையின் கையில் இருக்கும்போது பகலில் கூலி கூடக் கேட்க யாருக்குத் துணிச்சல் வரும்?

1920-களில் சென்னை மாகாண அரசின் தொழிலாளர் துறை இதைச் சரிப்படுத்தப் பார்த்தது. அரசுப் புறம்போக்கு இருந்த இடத்தில் மனை ஒதுக்கினார்கள். பட்டா நிலமாக இருந்தால் விலை கொடுத்துக் கையகப்படுத்தினார்கள். அந்த விலையைக் குடியிருப்பவர்களிடமிருந்து தவணையாக வசூலித்தார்கள். இதற்காகக் கூட்டுறவுச் சங்கங்களும் அமைக்கப்பட்டன. நம் ஆட்களுக்கு அரசு மூலம் கிடைத்த முதல் வீட்டுக் கடன் என்று இதைத்தான் சொல்ல வேண்டும். நல்ல காரியம்தான், மறுக்கவில்லை. ஆனால் கணக்கைப் பாருங்கள். எத்தனையோ தலைமுறையாகக் குடியிருந்த மண்ணுக்கு, தன் முன்னோர் மேடாக்கிக் கெட்டித்த மண்ணுக்கு, விலை கொடுக்க வேண்டியவன் அங்கே குடியிருந்தவன். விலை வாங்கிக்கொண்டது மிராசுதார்.

கடன் நிவாரணம் வந்தபோதும் இதே கதை. 1938-ல் ராஜாஜி ஆட்சி சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் கொண்டுவந்தது. பழைய வட்டிப் பாக்கியைத் தள்ளியது. அசலைப்போல் இரண்டு மடங்கு கட்டியிருந்தால் கடன் தீர்ந்தது என்றது. கேட்க நன்றாக இருக்கிறது. யார் விவசாயி என்று அந்தச் சட்டம் வரையறுத்த விதத்தைப் பார்க்க வேண்டும். விவசாய நிலத்தில் விற்கத்தக்க உரிமையோ, குத்தகை போன்ற பாத்தியமோ இருப்பவன்தான் விவசாயி. நாள் முழுக்கச் சேற்றில் நின்று நடவு நட்டவளும் ஏர் ஓட்டியவனும் சட்டப்படி விவசாயி கிடையாது. கடன்பட்ட நிலச்சொந்தக்காரனுக்கு நிவாரணம். கடன்பட்ட கூலிக்காரனுக்கு வழக்கம்போலப் பட்டியலில் இடமில்லை.

1968 டிசம்பர் 25-ல் கீழவெண்மணியில் 44 பேர் ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். 1971-ல் குடியிருப்பு அனுபோகதாரர்களுக்கு மனை உரிமை கொடுக்கும் சட்டம் வந்தது. விவசாயத் தொழிலாளி குடியிருக்கும் இடம் அவனுக்கே சொந்தம் என்று ஒரு சட்டம் சொல்ல 1971 ஆகியிருக்கிறது. 1974-ல் தாட்கோ தொடங்கப்பட்டு ஓலைக் கூரைக்குப் பதில் தீப்பிடிக்காத வீடுகள் கட்டப்பட்டன. அப்புறம் இலவச மனைப்பட்டா, தொகுப்பு வீடு. இவை எல்லாவற்றுக்கும் பின்னால் போராட்டம் உண்டு, ரத்தம் உண்டு. யாரும் சும்மா தூக்கிக் கொடுக்கவில்லை.

4

இப்போது வங்கிக்குள் போவோம்.

அடமானம் என்று ஒரே பேர் சொன்னாலும் அதற்குள் பல வகை இருக்கிறது. 1882-ம் வருஷத்துச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 58-வது பிரிவு அவற்றை வகைப்படுத்துகிறது. வீட்டைக் கடன் கொடுத்தவன் அனுபவத்துக்கு விடுவது ஒரு வகை. அதைத் தெற்கே ஒத்தி என்பார்கள், எங்கள் பக்கம் போக்கியம். மூலப் பத்திரத்தை ஒப்படைத்துவிட்டு வீட்டில் நாமே இருப்பது இன்னொரு வகை. வங்கிகள் பெரும்பாலும் இப்படித்தான் கொடுக்கின்றன. எந்த வகையாக இருந்தாலும் 60-வது பிரிவின்படி கடனைக் கட்டி வீட்டை மீட்டுக்கொள்ளும் உரிமை உண்டு. இந்த மீட்பு உரிமைதான் அடமானத்தின் உயிர். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தேவைப்படும்.

கணக்கைப் பார்ப்போம். 10 இலட்ச ரூபாய், 9 சதவீத வட்டி, 20 வருஷம். மாதத் தவணை ஏறத்தாழ 8,997 ரூபாய். 240 மாதம் கட்டினால் மொத்தம் 21 இலட்சத்து 59 ஆயிரம். வட்டி மட்டுமே அசலைவிட அதிகம். முதல் மாதம் நீங்கள் கட்டும் 8,997-ல் 7,500 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 1,497. பத்து வருஷம் தவறாமல் கட்டிவிட்டு, பாதிக் காலம் முடிந்துவிட்டதே, பாதிக் கடனும் முடிந்திருக்கும் என்று போய்க் கேட்டால், 7 இலட்சத்து 10 ஆயிரம் பாக்கி என்பார்கள். இதற்குள் 10 இலட்சத்து 80 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். கவுண்டரில் இதைக் கேட்டு மலைத்து நின்றவர்கள் எத்தனையோ பேர். “இன்னா சார், ஒண்ணுமே கழியலயே” என்பார்கள். ஏமாற்று எதுவுமில்லை, கணக்கு அப்படி. பாக்கி இருக்கும் அசலுக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் அசல் பெரிது, அதனால் வட்டியும் பெரிது.

தவணை கூடுதலாகத் தெரிகிறதா, 30 வருஷமாக ஆக்கிக்கொள்ளுங்கள் என்பார்கள். அதே 10 இலட்சத்துக்குத் தவணை 8,046 ஆகக் குறையும். மாதம் 951 ரூபாய் மிச்சம் என்று சந்தோஷப்படுவோம். மொத்தமோ 28 இலட்சத்து 97 ஆயிரமாக ஏறிவிடும். மாதம் 951 மிச்சம் பிடிக்க 7 இலட்சத்து 37 ஆயிரம் கூடுதல் விலை. மாறாக 20 வருஷக் கடனில் மாதம் 1,000 ரூபாய் கூடுதலாகக் கட்ட முடிந்தால் பதினஞ்சரை வருஷத்தில் கடன் முடியும். ஏறத்தாழ 3 இலட்சம் மிச்சமாகும். மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் வங்கி அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டிருக்கிறது. தெரியாதவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

மாறும் வட்டி என்பது இன்னொரு பொறி. ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் 2022 மே மாதத்துக்கு முன் 4 சதவீதமாக இருந்தது. 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. 7 சதவீதத்தில் 10 இலட்சம் வாங்கி மாதம் 7,753 கட்டி வந்த ஒருவரை எடுத்துக்கொள்வோம். பதினெட்டு மாதம் கட்டிய பிறகு பாக்கி 9 இலட்சத்து 64 ஆயிரத்தை ஒட்டி இருக்கும். அந்த நேரத்தில் வட்டி 9.5 ஆனால் மாத வட்டி மட்டும் 7,629. பழைய தவணையையே கட்டினால் அசலில் கழிவது 124 ரூபாய். அப்படியே போனால் கடன் முடிய இன்னும் 43 வருஷத்துக்கு மேல் ஆகும். தவணையை உயர்த்தாமல் வருஷத்தை நீட்டுகிறோம் என்று வங்கி சொல்லும்போது அது சலுகையாகக் கேட்கிறது. நீட்டப்படுவது நம் ஆயுள். 2023 ஆகஸ்டில்தான் ரிசர்வ் வங்கி, வட்டி ஏறினால் தவணையை உயர்த்துவதா காலத்தை நீட்டுவதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும் என்று வங்கிகளுக்குச் சொன்னது.

கடனோடு இன்சூரன்ஸ் பிரீமியத்தையும் அசலில் ஏற்றுகிறார்கள். 30,000 ரூபாய் பிரீமியத்தை 9 சதவீதத்தில் 20 வருஷம் கட்டினால் அது 64,800 ஆகிறது. கட்ட முடியாமல் மூன்று மாதம் தாண்டினால் கடன் வாராக்கடனாகிறது. 2002-ம் வருஷத்துச் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்துவிட்டு, கோர்ட்டுக்குப் போகாமலேயே வங்கி வீட்டைக் கைப்பற்றலாம்.

இவ்வளவும் சொன்ன பிறகு ஒன்றைச் சொல்ல வேண்டும். இந்த வங்கிக் கடன், அசலைப்போல் இரண்டு மடங்கு பிடுங்கும் இந்தக் கடன், சேரிக்காரனுக்கு எட்டாத சலுகை. அதுதான் விஷயம்.

5

என் பெரியப்பா மகன் ஒருவர் இருந்தார். கொத்து வேலை செய்தவர். ஊரில் எத்தனையோ வீட்டுக்குத் தளம் போட்டவர். 1996-ல் தன் வீட்டுக்குத் தளம் போட 50,000 ரூபாய் தேவைப்பட்டது. ஒரு வங்கிக் கிளைக்குப் போனார். நத்தம் பட்டா தாத்தா பேரில் இருந்தது. மூலப் பத்திரம் கேட்டார்கள். நத்தத்துக்கு ஏது மூலப் பத்திரம்? முப்பது வருஷத்து வில்லங்கச் சான்று கேட்டார்கள். வாங்காமல் விற்காமல் குடியிருந்த இடத்துக்கு வில்லங்கத்தில் என்ன வரும்? சம்பளச் சான்று கேட்டார்கள். கொத்தனாருக்கு யார் சம்பளச் சான்று கொடுப்பார்கள்? யாரும் அவரைச் சாதி பேர் சொல்லித் திட்டவில்லை. மரியாதையாகவே பேசி, ஒவ்வொரு காகிதமாகக் கேட்டு, வெளியே அனுப்பினார்கள்.

அதே வருஷம் வங்கி ஊழியன் என்ற முறையில் எனக்கு வீட்டுக் கடன் கிடைத்தது. ஒரே வம்சம், ஒரே தெரு. எனக்கு மாதச் சம்பளம், அவருக்கு நாள் கூலி. இட ஒதுக்கீடு ஒரு வீட்டுக்குள் நுழைந்ததற்கும் நுழையாததற்கும் உள்ள வித்தியாசம் வட்டியில் எப்படித் தெரிகிறது பாருங்கள்.

அண்ணன் ஊர்த்தெருவில் ஒருவரிடம் நூற்றுக்கு மூணு வட்டிக்கு வாங்கினார். அடமானப் பத்திரம் எழுதவில்லை. “கிரயமா எழுதிக் குடு, பணத்தக் கட்டினதும் திருப்பி எழுதித் தரேன், நான் எங்கடா ஓடப்போறேன்” என்றார் அவர். பட்டாவைப் பேர் மாற்றி வாங்கி, சப்-ரிஜிஸ்தரார் ஆபீசில் கிரயம் பதிவானது.

மாதம் 1,500 ரூபாய் வட்டி. ஒன்பது வருஷத்தில் 1 இலட்சத்து 62 ஆயிரம் கட்டினார். அசல் 50,000 அசையாமல் நின்றது. அந்தக் காலத்தில் வங்கி வட்டியும் அதிகம்தான். 15 சதவீதம் என்றே வைத்துக்கொள்வோம். 50,000-க்குப் பத்து வருஷத் தவணை 807 ரூபாய். மொத்தம் 96,800 கட்டினால் கடனே முடிந்திருக்கும். அண்ணன் கட்டியதில் ஏறத்தாழ அறுபது சதவீதத் தொகையைக் கட்டியிருந்தால் போதும், வங்கிக்கு.

2005-ல் அண்ணி உடம்பு சரியில்லாமல் படுத்தார். ஆறு மாதம் வட்டி நின்றது. ஊர்த்தெருக்காரர் கிரயப் பத்திரத்தை எடுத்துக் காட்டினார். வக்கீல் ஒருவரிடம் நான்தான் கூட்டிக்கொண்டு போனேன். திருப்பி எழுதித் தருவேன் என்ற நிபந்தனை அதே பத்திரத்தில் எழுதியிருந்தால் அது அடமானம், மீட்பு உரிமை உண்டு. வாய்ச்சொல்லை நிரூபிப்பது கஷ்டம் என்றார். கந்து வட்டித் தடைச் சட்டம் 2003-லேயே வந்துவிட்டது. கட்டிய வட்டிக்கு ஒரு துண்டுச் சீட்டுகூடக் கையில் இல்லை. கடைசியில் அண்ணன் தன் கையால் தளம் போட்ட வீட்டில் தானே வாடகைக்கு இருந்தார். “வட்டிக்கு வாடகன்னு பேரு மாத்திக்கினான் தம்பி, வேற ஒண்ணுமில்ல” என்பார். 2014-ல் இறக்கும்வரை வாடகை கொடுத்தார்.

6

இது ஏதோ படிக்காதவன் ஏமாந்த கதை என்று ஒதுக்கிவிடக் கூடாது. படித்த நாட்டிலும் இப்படித்தான் நடந்திருக்கிறது. 1972-ல் பம்பாயில் தலித் பேந்தர்கள் தங்களுக்குப் பேர் வைத்தபோது அமெரிக்கக் கறுப்பர்களைப் பார்த்தார்கள். வீட்டுக் கடன் விஷயத்திலும் நாம் அந்தப் பக்கம் ஒரு பார்வை பார்ப்பது நல்லது.

1933-ல் அமெரிக்க அரசு வீட்டுக் கடன் நிறுவனம் ஒன்றை அமைத்தது. நகரங்களுக்கு அது போட்ட வரைபடங்களில் கறுப்பர் வாழும் பகுதிகளுக்குச் சிவப்பு நிறம் பூசப்பட்டது. கடன் கொடுத்தால் ஆபத்து என்று அர்த்தம். 1934-ல் ஏற்பட்ட கூட்டாட்சி வீட்டுவசதி நிர்வாகம் வெள்ளையர் குடியிருப்புகளுக்குத் தாராளமாகக் கடன் உத்தரவாதம் கொடுத்தது. கறுப்பர் பகுதிகளை விலக்கியது. வங்கிக் கடன் கிடைக்காத கறுப்பர்கள் சிகாகோவில் ஒப்பந்தத் தவணையில் வீடு வாங்கினார்கள். இடைத்தரகர்கள் வெள்ளையரிடம் மலிவாக வாங்கிய வீட்டை இரண்டு மடங்கு விலைக்குக் கொடுத்தார்கள். கடைசித் தவணை கட்டும்வரை பத்திரம் விற்றவன் கையில். ஒரு தவணை தவறினாலும் வீடும் போகும், கட்டிய பணமும் போகும். மீட்பு உரிமை கிடையாது. அண்ணனின் கிரயப் பத்திரத்துக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

1968-ல் சிகாகோவின் லாண்டேல் பகுதியில் இவர்கள் ஒப்பந்த வீட்டுக்காரர்கள் சங்கம் அமைத்தார்கள். தவணை கட்ட மாட்டோம் என்று வேலைநிறுத்தம் போலச் செய்தார்கள். போலீஸ் வந்து சாமான்களைத் தெருவில் வைத்தது. அக்கம்பக்கத்தார் அவற்றைத் திரும்ப உள்ளே வைத்தார்கள். பெரிய வழக்குகளில் தோற்றாலும் நூற்றுக்கணக்கான குடும்பங்கள் ஒப்பந்தத்தைத் திருத்தி எழுத வைத்தன.

பின்னாளில் கறுப்பர்களுக்குக் கடன் கிடைத்தது. எப்படிக் கிடைத்தது? கன்ட்ரிவைட் என்ற பெரிய கடன் நிறுவனம் 2 இலட்சத்துக்கும் மேற்பட்ட கறுப்பின, லத்தீன் மக்களிடம் அதே தகுதியுள்ள வெள்ளையரைவிடக் கூடுதல் கட்டணமும் வட்டியும் வாங்கியது என்று அமெரிக்க நீதித்துறை வழக்குப் போட்டு, 2011-ல் 33 கோடியே 50 இலட்சம் டாலருக்குச் சமரசம் ஆனது. முதலில் பட்டியலில் இடமில்லை. அப்புறம் இடம் கொடுத்து விகிதத்தை ஏற்றுவது. மனு போட்ட வரிசை.

7

இங்கே ஒரு வாதம் கிளம்புகிறது. பஞ்சமி நிலத்துக்கு நிபந்தனை உண்டு. பத்து வருஷம் யாருக்கும் விற்கவோ அடமானம் வைக்கவோ கூடாது. அப்புறமும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்குத்தான் மாற்றலாம். இலவச மனைப்பட்டாக்களிலும் இப்படி நிபந்தனைகள் வருகின்றன. நிபந்தனை இருப்பதால் வங்கி ஏற்பதில்லை, ஆகவே நிபந்தனையை எடுத்துவிட்டால் தலித்துகளுக்கும் வீட்டுக் கடன் கிடைக்கும் என்று சிலர் பரிவோடு பேசுகிறார்கள். நம்மில் படித்த பிள்ளைகள் சிலரும் இதை ஒப்புக்கொள்கிறார்கள். அவர்களின் கஷ்டம் எனக்குப் புரிகிறது. கையில் பட்டா இருந்தும் கவுண்டரில் அது செல்லாக் காகிதமாக இருப்பதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தவன் நான்.

ஆனாலும் நிபந்தனையை எடுக்கக் கூடாது என்றுதான் சொல்வேன். நிபந்தனை இருக்கும்போதே பஞ்சமி நிலம் ஏறத்தாழ 12 இலட்சம் ஏக்கர் என்று இயக்கங்கள் சொல்லி வருவதில் பெரும்பகுதி கை மாறிவிட்டது. நிபந்தனை போனால் மிச்சமும் ஒரு தலைமுறையில் ஏலத்துக்குப் போகும். அண்ணனுடைய வீட்டுக்கு எந்த நிபந்தனையும் இல்லை. அதனால்தான் ஒரே கையெழுத்தில் போனது.

செய்ய வேண்டியது வேறு. நிபந்தனைப் பட்டாவை ஏற்றுத் தாட்கோவும் கூட்டுறவு வங்கியும் நேரடியாகக் கடன் கொடுக்க வேண்டும். கடன் தவறினால் அந்த வீடு இன்னொரு தலித் குடும்பத்துக்குத்தான் போக வேண்டும் என்று சட்டத்திலேயே எழுத வேண்டும். இறந்துபோன தாத்தா பேரில் கிடக்கும் நத்தம் பட்டாக்களை இன்று குடியிருப்பவர் பேருக்கு, பெண்கள் பேரையும் சேர்த்து, செலவில்லாமல் மாற்றிக் கொடுக்க வேண்டும். கூலி வேலை செய்கிறவரின் வருமானத்தைச் சம்பளச் சான்று இல்லாமல் கணக்கிட வழி பண்ண வேண்டும். நாமும் நம் பங்குக்கு, கடன் வாங்கப் போகும் ஒவ்வொரு வீட்டிலும் மொத்தக் கணக்கைப் போட்டுக் காட்ட வேண்டும். எந்தக் காரணத்துக்காகவும் கடனுக்குக் கிரயப் பத்திரமோ பவர் பத்திரமோ எழுதக் கூடாது. கட்டும் ஒவ்வொரு ரூபாய்க்கும் ரசீது கேட்க வேண்டும்.

1994 அக்டோபர் 10-ல் செங்கல்பட்டில், காரணைப் பஞ்சமி நில மீட்புப் போராட்டத்தில், போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் ஜான் தாமஸ், ஏழுமலை என்ற இருவர் உயிரிழந்தார்கள். அதை நிலத்துக்கான போராட்டம் என்று எழுதுகிறோம், பேசுகிறோம். அது சரிதான். கூடவே அது வட்டிக்கான போராட்டமும்கூட. மண் கையில் இருக்கிறவனுக்கு வருஷத்துக்கு நூற்றுக்கு ஒன்பது வட்டி. மண் இல்லாதவனுக்கு, இருந்தும் காகிதம் இல்லாதவனுக்கு, நூற்றுக்கு முப்பத்தாறு. இடையிலே இருக்கிற இருபத்தேழு ரூபாய்தான் நாம் வருஷா வருஷம் சாதிக்குக் கட்டுகிற தவணை. அந்தத் தவணைக்கு இத்தனை வருஷத்தில் முடியும் என்று கெடு எதுவும் யாரும் எழுதித் தரவில்லை.